இல்லாத பெரியப்பாவைக் கொன்ற கதை

பொய் சொல்வதில் ஒரு சங்கடம் உண்டு. முதல் பொய்யைச் சொல்ல வாய் இருந்தால் போதும். அந்தப் பொய்க்குக் காவல் வைக்கிற இரண்டாவது பொய்யைச் சொல்லத்தான் மூளை வேண்டும். இருபத்து மூன்று வயதில் எனக்கு வாய் மட்டும்தான் இருந்தது.

இதை இப்போது எழுதுவதற்குக் காரணம் கோபம். வேறு ஒன்றும் இல்லை. தஞ்சாவூரில் என் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து சீரியல் பார்க்கிறேன். முடிந்ததும் எழுதியவர்கள், எடுத்தவர்கள் பெயரெல்லாம் துரத்தப்பட்ட எலி மாதிரி குடுகுடுவென்று ஓடி மறைகிறது. அதையும் முழுசாக ஓடவிடாமல் பாதித் திரையில் ஊறுகாய் விளம்பரம் போடுகிறான். அந்தப் பெயர் அங்கே வருவதற்குள் ஒரு ஆள் என்ன பாடு பட்டிருப்பார் என்று எவனுக்காவது தெரியுமா? (எனக்குத் தெரியும். ரிமோட்டை இரண்டு முறை வீசி எறிந்ததில் பின்மூடி உடைந்துவிட்டது. இப்போது ரப்பர் பேண்ட் போட்டு வைத்திருக்கிறேன்.)

நான் தொலைக்காட்சிக்கு எழுதியவள். வீட்டுக்கு வீடு டிவி வருவதற்கு முன்னால், தெருவே ஒரு வீட்டு ஜன்னலில் தொங்கிக்கொண்டு பார்த்த காலத்தில் எழுதியவள். ஒன்பது வருஷம் எழுதினேன். உங்களுக்கு என் பெயர் தெரியாது. அதற்கு உங்களை நான் திட்டமாட்டேன். தயாளனைத்தான் திட்டுவேன்.

தயாளன் சார் கோடம்பாக்கத்தில் ஒரு மாடியில் கம்பெனி வைத்திருந்தார். தொலைக்காட்சிக்கு வாரம் ஒரு விவசாய நாடகம் எடுத்துக் கொடுப்பது தொழில். ஒரத்தநாட்டில் டைப்ரைட்டிங் ஹையர் முடித்த நான், ஒரு சிபாரிசுக் கடிதத்தோடு மெட்ராஸுக்குப் போய் அவர் முன்னால் நின்றேன்.

"உட்காருங்கம்மா. தஞ்சாவூர்ப் பக்கமா? பரவாயில்லையே! நிலம் நீச்செல்லாம் எவ்வளவு?"

எங்கள் பக்கத்தில் இந்தக் கேள்விக்கு உண்மையைச் சொன்னால் அடுத்து "எந்தத் தெரு?" என்று கேட்பார்கள். அதற்கும் உண்மையைச் சொன்னால் "உட்காருங்க" போய்விடும். எனக்கு அந்த நாற்காலி பிடித்திருந்தது.

"நாலு வேலி சார்" என்றேன்.

ஒரு வேலி என்பது ஏறக்குறைய ஆறே முக்கால் ஏக்கர். நாலு வேலி என்றால் ஊரே எழுந்து நின்று கும்பிடும் நிலம். எங்களுக்கு இருந்ததோ ஒரு கூரை வீடும் இரண்டு ஆடும். ஆனாலும் அந்த நாலு வேலி ஆகாயத்திலிருந்து குதிக்கவில்லை. என் அப்பா காத்தமுத்து எலி பிடிக்கிறவர். ஊர்ப் பண்ணையாரின் நாலு வேலிக்கும் அவர்தான் கிட்டி வைப்பார். மூங்கில் பிளாச்சை வில்லாக வளைத்து நாண் கட்டி, நடுவில் இரை வைத்தால் அது கிட்டி. எலி தலையை நீட்டினால் நாண் விடுபட்டுக் கழுத்தை இறுக்கிவிடும். அப்பா தினமும் நடக்கிற நிலத்தை என் நிலம் என்று சொன்னதில் என்ன தப்பு என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன். அப்படியே எனக்கு "மிராசுதார் பொண்ணு" என்று ஆபீஸில் பெயர் விழுந்தது. டீ கொண்டுவருகிறவர்கூட எனக்குத்தான் முதல் டம்ளர் கொடுப்பார்.

டைப் அடிக்கப் போனவள் எப்படி எழுத ஆரம்பித்தேன் என்றால், வயிற்றெரிச்சலில். தயாளன் சார் எழுதிக் கொடுத்த நாடகத்தில் ஒரு விவசாயி, "இந்த வருடம் நெல் கொத்துக் கொத்தாகக் காய்த்துத் தொங்குகிறது, கண்ணம்மா!" என்பான். நெல் காய்க்குமா? தொங்குவதற்கு அது என்ன முருங்கையா? இன்னொருவன் அறுவடைக்கு நிற்கிற வயலில் இடுப்பளவு தண்ணீர் பாய்ச்சுவான். முதலில் ஒரு வரி மாற்றி அடித்தேன். யாரும் கண்டுபிடிக்கவில்லை. பிறகு ஒரு பக்கம். இரண்டு மாதத்தில் அவர் எழுதுவதையே நிறுத்திவிட்டு, "இந்த வாரம் பூச்சி பத்தி ஏதாவது அடிச்சுடுங்கம்மா" என்று வாயால் சொல்லிவிட்டுப் போனார். பதின்மூன்று வாரம் நான் எழுதினேன். பதின்மூன்று வாரமும் 'எழுத்து: தயாளன்' என்று வந்தது.

பதினான்காவதாக எலி ஒழிப்பு பற்றி எழுதினேன். அப்பா சொன்னதையெல்லாம் போட்டேன். எலி எந்த வரப்பில் வளை தோண்டும், எந்த வளையில் குடியிருக்கிறது, எது வெறும் வளை என்று மண்ணைத் தொட்டுப் பார்த்தே சொல்லும் ஒரு ஆள்தான் அதில் நாயகன். தயாளன் சார் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"அமுதவல்லி, இதுக்கு உங்க பேரையே போட்டுடலாம். 'எழுத்து: அமுதவல்லி.' சந்தோஷமா?"

சந்தோஷமா என்றா கேட்டார்! அன்றைக்கே வீட்டுக்குக் கடிதம் எழுதினேன். அப்பாவுக்குப் படிக்கத் தெரியாது. தம்பி முருகேசன் படித்துக் காட்டுவான். அந்தக் கடிதத்தை அப்பா ஊரில் ஐந்து பேரிடம் கொடுத்துத் திரும்பத் திரும்பப் படிக்கச் சொல்லிக் கேட்டாராம்.

தபால்பெட்டியில் போட்டுவிட்டுத் திரும்பி வந்தால் தயாளன் சார் அடுத்த குண்டைப் போட்டார்.

"செட்டு போட்டா நல்லா வராதும்மா. உங்க வயல்லயே போய் எடுத்துடலாம். பன்னெண்டு பேர் வருவோம். சாப்பாடு உங்க வீட்லதான்!"

இங்கேதான் எனக்கு அந்த மூளை தேவைப்பட்டது. வீட்டுக்குள் பன்னிரண்டு பேரை வரவிடாமல் தடுக்க என்ன வழி? சட்டென்று சொன்னேன்:

"வீட்ல தீட்டு சார். எங்க பெரியப்பா தவறிட்டார்."

எனக்குப் பெரியப்பாவே கிடையாது. இல்லாத மனுஷரைப் பிறக்க வைக்காமலேயே கொன்றேன். தீட்டு வீட்டில் வெளியாட்கள் கை நனைக்க மாட்டார்கள், பிரச்சினை தீர்ந்தது என்று நினைத்தேன். நான் எப்பேர்ப்பட்ட முட்டாள் என்று பாருங்கள். சாவு வீட்டில் சாப்பிடத்தான் மாட்டார்கள். துக்கம் கேட்கப் போகாமல் இருப்பார்களா? தமிழ்நாட்டில் பிறந்து வளர்ந்தவளுக்கு இது கூடவா தெரியாது?

"அடடா! அப்ப நேர்ல வந்து துக்கம் கேக்காம இருந்தா மரியாதையா இருக்குமா?" என்றார் தயாளன் சார். பணம் வசூலித்து ஆபீஸ் சார்பில் ஒரு ரோஜா மாலையும் வாங்கிவிட்டார்கள்.

வேனில் அந்த மாலை என் மடியில்தான் வந்தது. ஊருக்குக் கிளம்புவதற்குச் சில நாள் முன்னால் நான் முருகேசனுக்கு இன்னொரு கடிதம் எழுதியிருந்தேன். அதை நினைத்தால் இன்றைக்கும் என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது. 'வருகிறவர்கள் முன்னால் என்னைச் சொந்தக்காரி என்று யாரும் காட்டிக்கொள்ள வேண்டாம். அப்பாவிடமும் சொல்லிவிடு.' இவ்வளவுதான் எழுதினேன். பெரியப்பா செத்த விஷயத்தை எழுதவில்லை. (மறந்துவிட்டேன். கொலை செய்தவள் பிணத்தை மறந்த மாதிரி.)

மார்கழி மாதம். சம்பா கதிர் வாங்கி நின்றது. வேன் பண்ணை வயலோரம் நின்றதும், "முதல்ல துக்க வீடு" என்றார் தயாளன் சார். "வெளிச்சம் போயிடும் சார், வேலை முடிச்சுட்டுப் போவோம்" என்றேன். கேமராமேனும் அதையே சொன்னதால் பிழைத்தேன். எலி பிடிக்கிறவர் வேஷத்துக்கு மெட்ராஸிலிருந்து ஒரு நடிகர் வந்திருந்தார். கட்டம் போட்ட புது லுங்கி, முகத்தில் பவுடர், கழுத்தில் சிவப்புக் கைக்குட்டை. எலியே பார்த்தால் சிரித்துவிடும்.

வயலில் படம் எடுக்க அனுமதியும், கிட்டி வைக்கத் தெரிந்த ஒரு ஆளும் வேண்டும் என்று பண்ணையாருக்கு நானே ரகசியமாக எழுதியிருந்தேன். அந்தப் பக்கத்தில் அதற்கு ஒரே ஒரு ஆள்தான். வரப்பில் ஒரு கட்டுக் கிட்டியைத் தோளில் சாத்திக்கொண்டு அப்பா வந்தார். என்னைப் பார்த்தார். தோளில் கிடந்த துண்டை எடுத்து இடுப்பில் கட்டினார்.

"வணக்கமுங்க."

நான் தலையாட்டினேன். என்னைப் பெற்றவருக்குத் தலையாட்டினேன்.

அதோடு விட்டாரா? அப்பாவுக்குக் குசும்பு அதிகம். "அம்மாவுக்கு மெட்ராஸு ஒத்துக்குதுங்களா? அங்க வெயிலு ரொம்பங்களா? மொகமெல்லாம் கறுத்துப் போச்சுங்களே! வேளைக்குச் சாப்புடுறீங்களா?" என்று கேட்டுக்கொண்டே கிட்டிகளைப் பிரித்து வைத்தார். எட்டு மாதமாக மகளைப் பார்க்காத மனுஷர் கேட்க வேண்டிய அத்தனை கேள்வியையும் 'ங்க' போட்டுக் கேட்டுவிட்டார். நான் ஒவ்வொன்றுக்கும், "ம்" என்றேன்.

"உங்க குடியானவங்க எல்லாம் ரொம்ப மரியாதை தெரிஞ்சவங்க" என்று தயாளன் சார் என் காதில் பாராட்டினார்.

படப்பிடிப்பு தொடங்கியது. நடிகருக்குக் கிட்டியைத் தொடவே பயம். நாணை இழுத்து மாட்டுகிற இடத்தில் கையை வெடுக்கென்று எடுத்துவிடுகிறார். ஐந்து தடவை எடுத்தும் சரிப்படவில்லை. கடைசியில் தயாளன் சார், "கை மட்டும்தானே தெரியப்போவுது? எழுதினவங்களே எப்படின்னு செஞ்சு காட்டுங்கம்மா" என்று என்னைக் கூப்பிட்டார்.

ஏழு வயதிலிருந்து நான் கிட்டி பூட்டியவள். கண்ணைக் கட்டிவிட்டாலும் பூட்டுவேன். ஆனால் மிராசுதார் பெண்ணுக்குக் கிட்டி பூட்டத் தெரியலாமா? தெரியாதவள் மாதிரி பிடித்தேன். நாணை மேலே அழுத்திப் பிடிக்க வேண்டிய விரலை, புத்திசாலித்தனமாக, அடியில் கொடுத்தேன்.

படீரென்றது. மூன்று விரல் மாட்டிக்கொண்டது. நான் போட்ட கூச்சலில் நாரைகள் பறந்தன.

"ஏ ஆயி! கையை இழுக்காதடி! இழுக்காதடிங்கிறேன்!" அப்பா கதிரை மிதித்துக்கொண்டு ஓடிவந்தார். "எத்தன தடவ சொல்லிக் குடுத்துருக்கேன், வெரல மேல வையி வெரல மேல வையின்னு! மெட்ராஸ் போயி ரெண்டு எழுத்து படிச்சோன்ன கிட்டி பூட்டறது மறந்து போச்சா ஒனக்கு?"

விரலை விடுவித்தார். வாயில் வைத்து ஊதினார். துண்டைக் கிழித்துக் கட்டினார். கட்டி முடித்த பிறகுதான் சுற்றி நின்ற பன்னிரண்டு பேரும் அவர் கண்ணில் பட்டார்கள். எழுந்து இரண்டு அடி தள்ளிப்போய் நின்றார்.

"தப்பா எடுத்துக்காதீங்க. சின்ன வயசுல தூக்கி வளத்த பொண்ணுங்க. பண்ணை வீட்டு ஆளு நானு. அதான் வாய் தவறிருச்சு."

எனக்காகக் கண நேரத்தில் ஒரு கதை கட்டினார் பாருங்கள். எழுதப் படிக்கத் தெரியாதவர் கட்டிய கதை என்னுடையதைவிடப் பல மடங்கு உறுதியாக இருந்தது. தயாளன் சாருக்குக் கண் கலங்கிவிட்டது. "இந்த விசுவாசமெல்லாம் இப்ப எங்க இருக்கு!" என்றார். அதோடு நிறுத்தியிருக்கலாம்.

"பெரியவரே, வந்த எடத்துல ஒரு வார்த்தை கேக்கணும். அம்மாவோட பெரியப்பா எப்படித் தவறினாரு?"

அப்பா விழித்தார். "பெரியப்பாவா? எனக்கேதுங்க அண்ணன்? எங்க வீட்ல நாந்தான் மூத்தவன்."

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கே புரிந்தது. எல்லோருக்கும் புரிந்தது. வேனிலிருந்து மாலையை எடுத்துக்கொண்டு வந்த லைட்மேன் அதை யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல் நின்றார்.

"அப்ப அந்த நாலு வேலி?" என்று தயாளன் சார் என்னைக் கேட்டார்.

பதில் அப்பாதான் சொன்னார். "நாலு வேலிக்கும் நாந்தாங்க கிட்டி."

தயாளன் சார் கத்தியிருந்தால்கூட மன்னித்திருப்பேன். பொய் சொன்னது நான்தானே. அவர் கத்தவில்லை. "அமுதா, அந்தப் பேப்பரை எடுத்துட்டு வா" என்றார். அதுவரை 'வாங்க, போங்க, அம்மா'. அந்த நிமிடத்திலிருந்து 'வா, போ'. துக்கம் கேட்க வருகிறேன் என்று மூன்று நாள் என்னை நச்சரித்த மனுஷர், செத்தவர் யாரும் இல்லாத வீடு, தீட்டே இல்லாத வீடு என்று தெரிந்த பிறகும் எங்கள் தெருப் பக்கம் தலைகாட்டவில்லை. அம்மா செய்தியறிந்து அவசர அவசரமாக வடித்த சோற்றை லைட்மேன் ஒருவர்தான் வந்து சாப்பிட்டார். இரண்டு தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். அவர் எங்கிருந்தாலும் நன்றாக இருக்கட்டும். மற்ற பதினொரு பேரும் ஒரத்தநாட்டு ஹோட்டலில் காய்ந்த பரோட்டா தின்றார்கள். அது ஜீரணமாகாமல் போயிருக்கட்டும்.

நாடகம் வந்த அன்றைக்கு நான் ஊரில் இருந்தேன். பஞ்சாயத்து டிவி முன்னால் ஊரே கூடியிருந்தது. அப்பா வெள்ளை வேட்டி கட்டி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். பெயர் அட்டைகள் ஒவ்வொன்றாக வந்தன. 'எழுத்து: தயாளன்' என்று வந்தது.

"வந்துருச்சாடா? அக்கா பேரு வந்துருச்சா?" என்று அப்பா முருகேசனை உலுக்கினார்.

முருகேசன் என் முகத்தைப் பார்த்தான். "வந்துருச்சுப்பா. பெருசா போட்டிருக்கான்" என்றான். அப்பா கை தட்டினார். அவரைப் பார்த்து எங்கள் தெருவே தட்டியது. படிக்கத் தெரிந்த நாலைந்து பேர் மட்டும் தரையைப் பார்த்தார்கள். எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. நான் சொன்ன பொய்யெல்லாம் எனக்காக. அந்தப் பையனைப் பொய் சொல்ல வைத்தது யார்?

மறுநாள் மெட்ராஸ் போய் இறங்கியதும் நேராகத் தயாளன் சார் அறைக்குப் போனேன்.

"பேர் போடறதா சொன்னீங்களே சார்?"

"கதை உங்கப்பன் சொன்னது. படம் எடுத்தது நான். நடுவுல நீ என்ன பண்ணின? டைப்தானே அடிச்ச?"

வேலையை விட்டுவிட்டு வந்திருந்தால் அது வீரம். எனக்குத் தெரிந்தது கிட்டிதான். பொறுமையாக அடுத்த வார நாடகத்தை எழுதினேன். கார்பன் வைக்காமல் ஒரே பிரதி அடித்தேன். படப்பிடிப்பு அன்று காலை கடைசிப் பக்கம் மட்டும் இல்லாமல் கொடுத்தேன். நடிகர்கள் மேக்கப் போட்டுக் காத்திருந்தார்கள். கடன் வாங்கிய விவசாயி பிழைத்தானா, தூக்குப் போட்டுக்கொண்டானா என்று யாருக்கும் தெரியவில்லை.

"கடைசிப் பக்கம் எங்க?" என்று கத்தினார் தயாளன்.

"என் டிபன் டப்பாவுல இருக்கு. பேர் அட்டை எழுதற பெயிண்டரைக் கூப்பிடுங்க. எழுதினதும் தரேன்."

"என்ன திமிரு!"

"ஆமா சார். கதை அப்பாவோடதுன்னு நீங்கதானே சொன்னீங்க? அவர் பேரையும் சேர்த்தே போடுங்க."

பதினொரு மணி வரை கத்தினார். பிறகு பெயிண்டர் வந்தார். கறுப்பு அட்டையில் வெள்ளை பெயிண்டில், என் கண் முன்னால், 'எழுத்து: காத்தமுத்து அமுதவல்லி' என்று எழுதினார். பெயிண்ட் காய்ந்த பிறகு டிபன் டப்பாவைத் திறந்தேன். (கடைசிப் பக்கத்தில் தயிர் கொட்டியிருந்தது. விவசாயி பிழைத்தான்.) அதற்குப் பிறகு ஒன்பது வருஷமும், எந்தக் கம்பெனிக்கு எழுதினாலும், கடைசிப் பக்கம் என் டப்பாவில்தான் போனது.

இத்தோடு என் பிரச்சினை தீர்ந்ததா? தீருமா? அந்த அட்டையைப் பார்த்து நேயர்கள் கடிதம் எழுத ஆரம்பித்தார்கள். பேராவூரணியிலிருந்து ஒரு தென்னந்தோப்புக்காரர், 'காத்தமுத்து – அமுதவல்லி தம்பதியினர் பல்லாண்டு வாழ்க' என்று வாழ்த்தியிருந்தார். நாகப்பட்டினத்து நேயர் ஒருவர், அறிவுள்ள பகுதியைத் திரு. காத்தமுத்துவும் அழுகைக் காட்சிகளை அவர் துணைவியாரும் எழுதுவதாகத் தெளிவாகவே தெரிகிறது என்று ஆராய்ச்சி பண்ணியிருந்தார். ஆத்திரத்தில் அந்தக் கடிதங்களை ஊருக்குக் கொண்டுபோய் அப்பாவிடம் படித்துக் காட்டினேன். தப்புப் பண்ணிவிட்டேன். அவர் மறுநாளே டீக்கடையில் உட்கார்ந்துகொண்டு, "ஆமாய்யா, நாங்க ரெண்டு பேரும்தான் எழுதறோம். யோசனை நானு, கை அவ" என்று சொல்லிவிட்டார். அதற்குப் பிறகு அவர் எலி பிடிக்கப் போனால்கூட, 'எழுத்தாளர் வயலுக்குப் போறாரு' என்றுதான் ஊர் சொன்னது.

எங்கள் வீட்டில் யாராவது பள்ளிக்கூடத்துக்கோ ஆபீஸுக்கோ மட்டம் போடக் காரணம் சொன்னால், "எந்தப் பெரியப்பா?" என்று கேட்பது இன்றைக்கும் வழக்கம். அதையாவது பொறுத்துக்கொள்வேன். பேனர் விவகாரம்தான் எனக்கு ஆறவில்லை.

அப்பா சில வருஷங்களுக்கு முன்னால் போய்ச் சேர்ந்தார். கண்ணீர் அஞ்சலி பேனருக்கு வாசகம் வேண்டும் என்று முருகேசன் போன் செய்தான். அழுதுகொண்டே நான்தான் வரி வரியாகச் சொன்னேன். ஊருக்குப் போய் இறங்கினால் தெருமுனையில் அப்பா படத்தோடு பேனர் நிற்கிறது. நான் சொல்லாத ஒரு வரி பெரிய எழுத்தில் இருக்கிறது: 'தொலைக்காட்சி எழுத்தாளர்.' கீழே துக்கத்தில் வாடுகிறவர்கள் பட்டியல். மகன், மருமகள், பேரப்பிள்ளைகள், மாமன் மச்சான், நண்பர்கள் குழு, டீக்கடைக்காரர் வரைக்கும் இருக்கிறது. என் பெயர் இல்லை.

"ஏண்டா, என் பேரு எங்கடா?"

"நீதானக்கா வாசகம் சொன்ன? நீ சொல்லல, நான் போடல."

"எழுத்தாளர்னு மட்டும் போட்டியே, அத யாருடா சொன்னது?"

"அப்பாதான். போன மாசமே சொல்லி வச்சிட்டாரு."

பிணத்தை வைத்துக்கொண்டு நான் சண்டை போட்டேன். துக்கம் கேட்க வந்தவர்கள்தான் விலக்கிவிட்டார்கள்.

அந்த பேனர் இப்போதும் இருக்கிறது. கனமான, நல்ல பேனர். கிழியவில்லை. முருகேசன் அதை வைக்கோல் போருக்கு மூடியாகப் போட்டிருக்கிறான். போன ஐப்பசியில் நான் அங்கே இருந்தபோது மழை பிடித்துக்கொண்டது. காற்றில் பேனரின் ஒரு முனை கழன்று படபடவென்று அடித்தது. முருகேசன் மகள் கொல்லையிலிருந்து கத்தினாள்.

"அத்தை, எழுத்தாளர் பறக்கப் போறாரு! ஓடியாங்க, ஒரு கை புடிங்க!"

ஓடினேன். முழுக்க நனைந்துகொண்டு, அப்பாவையும் என் தம்பியையும் அந்தத் தயாளனையும் வாய்க்கு வந்தபடி திட்டிக்கொண்டே, அந்த முனையை இழுத்து நானே கட்டினேன்.